சாக்லேட் கேக்குக்குப் புளிப்பு வேண்டும்

சாக்லேட் கேக்கில் பழம் வேண்டாம் என்ற கருத்து நம் ஊரில் வேரூன்றிவிட்டது. கேக் வகுப்பு நடத்துகிறவர்கள் சொல்கிறார்கள். பேக்கரியில் ஆர்டர் எடுப்பவர்கள் சொல்கிறார்கள். வீட்டிலிருந்தே கேக் செய்து விற்கும் பெண்கள் பலரும் அதை வேதவாக்காக எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். பழம் மேலே அழகுக்கு இருக்கட்டும், உள்ளே போனால் தண்ணீர் விட்டுக் கேக்கைக் கெடுத்துவிடும், சாக்லேட்டின் சுவையையும் அமுக்கிவிடும் என்பது அவர்கள் வாதம். 'ரிச்' ஆக வேண்டுமென்றால் சாக்லேட்டைக் கூட்டு, கிரீமைக் கூட்டு, சர்க்கரையைக் கூட்டு என்பது அவர்கள் வழி.

இது முழுக்கத் தவறு என்பது என் கட்சி. ஒரு சாக்லேட் கேக்கில் கொழுப்பும் இனிப்பும் எவ்வளவு மிகுதியோ அந்த அளவுக்கு அதற்குள் புளிப்புள்ள பழம் இருந்தாக வேண்டும். பழத்தை விலக்கிவிட்டுச் சாக்லேட்டையும் கிரீமையும் அடுக்கிக்கொண்டே போனால் கேக் கனக்கும், ருசி கூடாது.

வாய்க்குள் நடப்பதைக் கவனித்தாலே இது புரியும். வெண்ணெயும் கொக்கோக் கொழுப்பும் நாக்கின் மேல் படலமாகப் படிகின்றன. முதல் வாயில் அது பெரிய சுகம், மறுக்கவில்லை. நான்காவது வாய் வரும்போது அந்தப் படலத்தைத் தாண்டி நாக்குக்கு எட்டுவது சர்க்கரை ஒன்றுதான். சாக்லேட்டின் கசப்பும் வறுத்த கொட்டையின் மணமும் மங்கிப் போயிருக்கும். 'நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் திகட்டுகிறது' என்று யாராவது தட்டை ஓரமாக நகர்த்தாத பிறந்தநாள் வீடு உண்டா? புளிப்பு பட்டால் உமிழ்நீர் ஊறும், படலம் கரையும், நாக்கு மறுபடி விழித்துக்கொள்ளும். அதற்குப் பிறகு வரும் சாக்லேட் மீண்டும் சாக்லேட்டாகத் தெரியும். பழம் சாக்லேட்டை அமுக்குகிறது என்பவர்கள் கொழுப்பும் சர்க்கரையும் செய்கிற வேலையைப் பழத்தின் தலையில் கட்டுகிறார்கள்.

'நாங்கள் சாப்பிட்டுப் பார்த்துத்தான் சொல்கிறோம், பிளாக் ஃபாரஸ்ட் தெரியாதா?' என்று கேட்பார்கள். நம் ஊர் அறிந்த சாக்லேட்–பழக் கேக் என்றால் அதுதான். ஆகவே அதை விட்டுவிட்டு இந்த வாதத்தைப் பேச முடியாது.

அந்தக் கேக்கின் சொந்த ஊர் ஜெர்மனி. யோசஃப் கெல்லர் என்ற கேக் கலைஞர் 1915-இல் பாட் கோடஸ்பெர்க் நகரத்துக் காபிக் கடை ஒன்றில் தான் அதை முதலில் செய்ததாக உரிமை கொண்டாடினார். இல்லை, 1930-இல் ட்யூபிங்கனில் எர்வின் ஹில்டன்பிராண்ட் செய்ததுதான் முதல் என்போரும் உண்டு. 1934-இல் அது அச்சுக்கு வந்துவிட்டது. யார் முதலில் செய்தார் என்பதைவிட, எதைக் கொண்டு செய்தார்கள் என்பதே நமக்கு முக்கியம். தின்றால் கண்ணைச் சுருக்க வைக்கும் புளிப்புச் செர்ரியை அதன் சாற்றோடு மாவுப்பசை சேர்த்துக் காய்ச்சி அடுக்குகளுக்கு நடுவே வைக்கிறார்கள். செர்ரியை நொதிக்கவைத்துக் காய்ச்சி வடித்த, துளியும் இனிப்பில்லாத 'கிர்ஷ்' என்ற சாராயத்தைக் கேக்கிலும் கிரீமிலும் சேர்க்கிறார்கள். மேலே பாலாடைக் கிரீம், அதன் மேல் சாக்லேட் சீவல். இந்தப் பெயரில் விற்கும் கேக்கில் கிர்ஷின் சுவை நாக்குக்குத் தெளிவாகத் தெரிய வேண்டும் என்றும், கருப்பு அடுக்கில் கொக்கோ குறைந்தது 3 சதவீதம் இருக்க வேண்டும் என்றும் ஜெர்மனியின் உணவு வழிகாட்டு விதிகள் சொல்கின்றன. கொக்கோவுக்கு 3 சதவீதம் போதும் என்று விட்ட விதி, பழச் சாராயத்தைப் பற்றி இவ்வளவு கறாராக இருக்கிறது. அந்தக் கேக்கின் உயிர் எங்கே இருக்கிறது என்பதில் அங்கே யாருக்கும் குழப்பம் இல்லை.

இனி நம் தெருமுனையில் விற்பதைப் பார்ப்போம். ஸ்பாஞ்சை நனைப்பது சர்க்கரைத் தண்ணீர். கிரீம் பெரும்பாலும் பாலிலிருந்து வந்ததே இல்லை. தாவரக் கொழுப்பையும் சர்க்கரையையும் சேர்த்து அடித்த விப்பிங் கிரீம். மேலே சீவித் தூவியிருப்பது கம்பவுண்ட். அதாவது கொக்கோக் கொழுப்பை நீக்கிவிட்டு வேறு கொழுப்பைச் சேர்த்த கட்டி. கொக்கோக் கொழுப்பு நம் உடல் சூட்டுக்குச் சற்றுக் கீழே, ஏறக்குறைய 34 டிகிரியில் உருகிவிடும். அதனால்தான் நல்ல சாக்லேட் வாயில் வைத்ததும் கரைகிறது. கம்பவுண்ட் அப்படிக் கரையாமல் மெழுகுபோல் அண்ணத்தில் ஒட்டிக்கொள்கிறது.

செர்ரி? பெரும்பாலான பேக்கரிகளில் அந்தச் சிவப்பு உருண்டை செர்ரியே இல்லை, களாக்காய். நம் ஊர் முள்புதர்களில் விளைகிற, கடித்தால் பல் கூசுகிற அதே களாக்காய். அதை உப்புநீரில் ஊறப்போட்டு, விதையை எடுத்து, சிவப்புச் சாயம் ஏற்றி, சர்க்கரைப் பாகில் கொதிக்கவைத்து எடுக்கிறார்கள். கடைசியில் மிஞ்சுவது நிறமும் சர்க்கரையும் மட்டும். எனக்கு இதில் உண்மையாகவே வருத்தம் உண்டு. இந்தக் கேக்குக்கு எந்தப் புளிப்பு தேவையோ அதே புளிப்போடு காட்டிலிருந்து வந்த ஒரு பழத்தைப் பிடித்து, அந்தப் புளிப்பைத் துளி பாக்கியில்லாமல் வெளியேற்றிவிட்டு, பிறகு கேக்கின் தலையில் உட்காரவைக்கிறோம்.

இந்தக் கேக்கைத் தின்றுவிட்டுத்தான் சாக்லேட்டும் பழமும் சேராது என்று தீர்ப்புச் சொல்கிறார்கள். புளிப்பும் இல்லாத, கசப்பும் இல்லாத, பழமே இல்லாத ஒரு பண்டத்தைப் பழக் கேக் என்று வைத்துக்கொண்டு பழத்தின் மேல் குற்றம் சாட்டுவது எந்த ஊர் நியாயம்?

இன்னொரு தரப்பும் உண்டு. இவர்கள் நல்ல சாக்லேட்டின் அருமை தெரிந்தவர்கள்; 70 சதவீதக் கட்டியைத் தேடி வாங்குகிறவர்கள். சாக்லேட் தனித்து நிற்க வேண்டும், பழம் அதன் தூய்மையைக் கெடுக்கும் என்பது இவர்கள் வாதம். இவர்களோடு எனக்குச் சண்டை இன்னும் கூடுதல், ஏனென்றால் இவர்கள் தெரிந்திருந்தும் மறந்துவிடுகிறார்கள். சாக்லேட்டே ஒரு பழத்தின் விதை. பொள்ளாச்சி, ஆனைமலைப் பக்கத்துத் தென்னந்தோப்புகளில் ஊடுபயிராகக் கொக்கோ காய்த்துத் தொங்குகிறது. ஒரு பழத்தைப் பிளந்து பாருங்கள். வெள்ளைச் சதை போர்த்திய விதைகள் வரிசையாக இருக்கும். அந்தச் சதையை வாயில் போட்டால் இனிப்பும் புளிப்புமாக இருக்கும். சாக்லேட்டின் சாயல் மருந்துக்கும் இருக்காது. விதையைத் தனியே கடித்தாலும் கசப்பும் துவர்ப்பும்தான். விதைகளைச் சதையோடு குவித்துவைத்து ஐந்தாறு நாள் நொதிக்கவிடுகிறார்கள். சதையிலுள்ள சர்க்கரையை ஈஸ்ட் சாராயமாக்குகிறது. பிறகு பாக்டீரியா அதை அசிட்டிக் அமிலமாக்குகிறது. குவியலின் சூடு 50 டிகிரி அளவுக்கு ஏறுகிறது. அமிலமும் சூடும் விதைக்குள் இறங்கி அதன் முளையைக் கொன்று, உள்ளே இருப்பதை மாற்றி அமைக்கின்றன. வறுக்கும்போது எழும் சாக்லேட் மணத்துக்கு அஸ்திவாரம் அங்கேதான் விழுகிறது. பழச்சதையின் புளிப்பு இல்லாவிட்டால் உலகில் சாக்லேட் என்ற சுவையே இல்லை. மடகாஸ்கர் கொக்கோவைச் சுவைப்பவர்கள் அதில் சிவப்புப் பழங்களின் வாசனை இருப்பதாகச் சொல்வது வெறும் கற்பனை அல்ல. அப்படிப் பிறந்த ஒன்றுக்குப் பழம் அந்நியம் என்று சொல்வதை எப்படி ஏற்பது?

கருப்பாக இருந்தால்தான் ரிச் என்ற நினைப்பையும் இதே இடத்தில் உதறிவிட வேண்டும். சாதாரணக் கொக்கோப் பவுடர் இயல்பிலேயே கொஞ்சம் அமிலத்தன்மை உள்ளது. ஹாலந்தில் வான் ஹவுட்டன் குடும்பம் 1828-இல் கொக்கோவிலிருந்து கொழுப்பைப் பிழியும் இயந்திரத்துக்குக் காப்புரிமை பெற்றது. அடுத்து, பவுடர் தண்ணீரில் நன்றாகக் கலக்க வேண்டும் என்பதற்காகக் காரம் சேர்த்து அந்த அமிலத்தைச் சமன் செய்யும் முறையும் அங்கிருந்து வந்தது. காரம் ஏற ஏறப் பவுடர் கருக்கும், மணம் மழுங்கும். இன்று பேக்கரிகள் விரும்பி வாங்கும் கன்னங்கரிய பவுடர் அப்படி வந்ததுதான். பார்வைக்கு ரிச், நாக்குக்கு மொட்டை. பழக்கேக்குக்கு நான் காரம் ஏற்றாத பழுப்புநிறப் பவுடரையே சொல்வேன். அதிலுள்ள அமிலம் பேக்கிங் சோடாவோடு சேர்ந்து கேக்கையும் எழுப்பும்.

தண்ணீர்ப் பிரச்சினைக்கு வருகிறேன். எதிர்த்தரப்பில் உருப்படியான வாதம் இது ஒன்றுதான். பச்சைப் பழத்தில் பத்தில் எட்டுப் பங்குக்கு மேல் தண்ணீர். அன்னாசித் துண்டுகளை அப்படியே மாவில் போட்டு ஓவனில் வைத்தால் ஒவ்வொரு துண்டைச் சுற்றியும் வேகாத பசை நிற்கும், மறுநாள் கேக் நசநசத்துப் போகும், இரண்டாம் நாள் பூசணம். துண்டுகளை மைதாவில் பிரட்டிப் போட்டால் சரியாகும் என்ற குறிப்பும் பலிக்காது. மாவுக் கலவை நீர்க்க இருந்தால் மைதா பூசிய பழமும் அடியில்தான் போய்ப் படுக்கும். இதையெல்லாம் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இதிலிருந்து வரவேண்டிய முடிவு பழத்தைச் சமைத்துப் போடு என்பதே. பழத்தை விலக்கு என்று எங்கிருந்து வந்தது? அரிசியை ஊறவைக்காமல் அரைத்து இட்லி கல்லாகிப் போனால் இட்லியே கூடாது என்றா சொல்வோம்?

வியன்னாக்காரர்கள் இதை எப்போதோ தீர்த்துவிட்டார்கள். 1832-இல் இளவரசர் மெட்டர்னிக்கின் விருந்துக்காக ஃபிரான்ஸ் ஸாஹர் என்ற 16 வயதுச் சமையல் பயிற்சிப் பையன் செய்ததாகச் சொல்லப்படும் கேக்கை இன்றும் அந்த ஊர் கொண்டாடுகிறது. அடர்த்தியான சாக்லேட் கேக், அதன் மேல் சர்க்கரைப் பாதாமி (ஆப்ரிகாட்) ஜாம், அதற்கும் மேல் பளபளவென்று சாக்லேட் பூச்சு. அவ்வளவுதான். கிரீமைத் தனியே பக்கத்தில் வைப்பார்கள், அதுவும் இனிப்பில்லாமல். அந்தச் சிறுவனின் மகன் எடுவார்ட் பின்னாளில் ஸாஹர் ஹோட்டலைத் தொடங்கினார். அதற்கு முன் அவர் வேலை பார்த்தது டெமெல் என்ற இனிப்பகத்தில். எது அசல் என்று 1950-களில் இரண்டு நிறுவனங்களும் நீதிமன்றம் போயின. வழக்கு வருடக்கணக்கில் நடந்தது. அதில் அலசப்பட்ட கேள்விகளில் ஒன்று, ஜாம் கேக்கின் நடுவிலும் இருக்க வேண்டுமா, பூச்சுக்கு அடியில் மட்டும் போதுமா என்பது. 1963-இல் சமரசம் ஏற்பட்டது. 'ஒரிஜினல்' என்ற பெயர் ஹோட்டலுக்குப் போனது. அவர்கள் நடுவிலும் வைக்கிறார்கள், டெமெல் பூச்சுக்கு அடியில் மட்டும் வைக்கிறது. அந்த ஊரில் யாரும் ஜாமைக் கேக்கின் நகையாக நினைக்கவில்லை. நினைத்திருந்தால் அது எந்த இடத்தில் இருக்க வேண்டும் என்று வழக்கறிஞர்களை வைத்து வாதாடியிருக்க மாட்டார்கள்.

அந்த ஜாம் இன்னொரு வேலையும் செய்கிறது. சர்க்கரையோடு சுண்டக் காய்ச்சிய பழத்தில் தண்ணீர் சர்க்கரையோடு கட்டுண்டு கிடக்கும். அது கேக்குக்குள் வழியாது. மாறாகக் கேக்கின் ஈரம் வெளியே போகாமல் அடைத்துவைக்கும். அதனால்தான் அந்தக் கேக்கை மரப்பெட்டியில் வைத்துக் கடல் கடந்தும் அனுப்ப முடிகிறது. பழம் சேர்ந்தால் கேக் சீக்கிரம் கெடும் என்பவர்கள் இதற்குப் பதில் சொல்ல வேண்டும். அறைச் சூட்டில் ஒரு மாலைப்பொழுது தாங்காமல் வியர்த்து இளகுவது நம் கிரீம் கேக். நாள்கணக்கில் நிற்பது பழம் வைத்த வியன்னாக் கேக்.

வீட்டில் செய்ய விரும்புகிறவர்களுக்காக என் முறையைச் சொல்லிவிடுகிறேன். கொடைக்கானல், நீலகிரி பிளம்ஸ் கிடைக்கும் காலத்தில் அரைக் கிலோ வாங்கிக்கொள்ளுங்கள். தோலோடு நறுக்குங்கள், புளிப்பும் நிறமும் தோலில்தான் அதிகம். 100 கிராம் சர்க்கரை சேர்த்துச் சிறு தீயில் வையுங்கள். தண்ணீர் ஒரு சொட்டும் ஊற்ற வேண்டாம், பழமே விடும். பாதியாகச் சுண்டியதும் ஒரு தேக்கரண்டி சோளமாவைக் கரைத்து ஊற்றிக் கிளறுங்கள். தட்டில் ஒரு துளி விட்டு விரலால் கோடு இழுத்தால் கோடு மூடாமல் நிற்க வேண்டும். அதுதான் பதம். கேக்குக்கு 200 கிராம் டார்க் சாக்லேட்டையும் 150 கிராம் வெண்ணெயையும் சேர்த்து உருக்கி ஆறவைக்க வேண்டும். நான்கு முட்டையையும் 150 கிராம் சர்க்கரையையும் நுரை பொங்க அடித்து, அதில் சாக்லேட் கலவையைச் சேர்த்து, கடைசியில் 100 கிராம் மைதாவையும் ஒரு சிட்டிகை உப்பையும் மெதுவாகக் கலந்துவிடுங்கள். எட்டங்குலத் தட்டில் ஊற்றி 170 டிகிரியில் 35 முதல் 40 நிமிடம். நடுவில் குச்சி செருகினால் ஓரிரு ஈரத்துகள் ஒட்டிவர வேண்டும். சுத்தமாக வந்தால் வெந்தது அதிகம். ஆறிய பிறகு பிளம்ஸ் கலவையை மேலே தடவி, உருக்கிய சாக்லேட்டைப் பூசி, ஒரு ராத்திரி அப்படியே விட்டுவிட வேண்டும். அன்றைக்கே வெட்டாதீர்கள். பழமும் கேக்கும் ஒன்றோடொன்று பழகுவதற்கு அந்த இரவு வேண்டும்.

எந்தப் பழமும் ஆகும் என்று நான் சொல்லவில்லை. பிளம்ஸ், பேஷன் ஃப்ரூட், சர்க்கரைப் பாதாமி, உலர்பழங்களில் ப்ரூன் ஆகியவை சாக்லேட்டோடு சேரும். கசப்பு ஆரஞ்சுத் தோலும் சேரும். பழுத்த மாம்பழத்தை நான் சேர்க்கவே மாட்டேன். அதன் மணம் சாக்லேட்டோடு மல்லுக்கு நிற்கும்; இரண்டில் ஒன்றையாவது இழந்தே ஆக வேண்டும். வாழைப்பழம் ஈரம் தரும், புளிப்புத் தராது. சிறுமலை வாழை கொஞ்சம் பரவாயில்லை. டிராகன் ஃப்ரூட்டும் கிவியும் பச்சைத் திராட்சையும் ஜெல் பூசிக் கேக்கின் மேல் வரிசையாக நிற்கின்றனவே, அவற்றைப் பற்றிப் பேசவே மனமில்லை. அவை கேக்கோடு சேராமல் தனியே நின்று, தனியே எடுத்துத் தின்னப்பட்டு, கேக்குக்கு ஒரு நன்மையும் செய்யாமல் போகின்றன. பழம் அலங்காரப் பொருள் என்ற நம்பிக்கை நிலைத்ததற்கு இந்த வரிசைகளே பெரிய காரணம்.

'நம்மவர்கள் நாக்கு இனிப்புக்குப் பழகியது' என்ற வாதத்தைக் கேட்கும்போது எனக்குக் கோபமே வருகிறது. சித்திரை முதல் நாள் இலையில் வெல்லத்தோடு மாங்காயைக் கொதிக்கவைத்து, வேப்பம்பூவையும் தூவிப் பச்சடி வைக்கிற மக்கள் நாம். இனிப்பும் புளிப்பும் கசப்பும் ஒரே கரண்டியில் வருவதை வருடப் பிறப்பின் முதல் சுவையாக வைத்திருக்கும் வீடுகளில், சாக்லேட்டோடு புளிப்புச் சேர்ந்தால் பிடிக்காது என்று யார் முடிவு செய்தது? இலங்கைத் தமிழர் வீட்டுக் கல்யாணங்களில் சின்னச் சின்னத் துண்டாகப் பொதிந்து கொடுக்கும் ரிச் கேக்கைத் தின்றிருக்கிறீர்களா? ரவை, முந்திரி, சுல்தானா, பாகில் ஊறிய பூசணி என்று அதன் கனமெல்லாம் பழத்திலும் பருப்பிலும்தான். சாக்லேட் இல்லாத கேக் அது, ஆனாலும் சொல்கிறேன்: பழம் உள்ளே நிறைந்திருப்பதுதான் விருந்தாளிக்குச் செய்யும் மரியாதை என்ற எண்ணம் தமிழருக்குப் புதிதல்ல. கிறிஸ்துமஸ் வந்தால் பிளம் கேக்கை வாங்கச் சாதி மதம் பாராமல் வரிசையில் நிற்பதும் இதே நாக்குள்ள ஜனங்கள்தாம். குழந்தைகள் விரும்ப மாட்டார்கள் என்பார்கள். புளிப்பு மிட்டாய்க்கும் உப்புமிளகாய்ப் பொடி தூவிய மாங்காய்க்கும் பள்ளிக்கூட வாசலில் யார் நிற்கிறார்கள் என்று ஒரு நாள் போய்ப் பார்க்கட்டும்.

கடைசியாகச் செலவு. பழத்தைச் சமைத்து வைத்தால் விலை ஏறும், வாடிக்கையாளர் வாங்க மாட்டார் என்கிறார்கள். வெளிநாட்டிலிருந்து வரும் கிவியை வாங்கி மேலே வைக்கக் காசு இருக்கிறது. பெயர் எழுதிய தகட்டுக்கும் தங்கநிற உருண்டைகளுக்கும் பிளாஸ்டிக் பட்டாம்பூச்சிக்கும் காசு இருக்கிறது. மலைப்பாதை ஓரத்தில் கூடையில் வைத்து விற்கும் பிளம்ஸுக்கு மட்டும் இல்லாமல் போகுமா? பிளம்ஸ் கிடைக்காத மாதங்களில் உலர்ந்த சர்க்கரைப் பாதாமியை வெந்நீரில் ஊறவைத்து அரைத்துச் சுண்டவைத்தால் அதே வேலை நடக்கும். சாராயம் சேர்க்க விருப்பமில்லாத கடைகள் சர்க்கரைத் தண்ணீருக்குப் பதிலாக அந்தப் பழச்சாற்றையே ஸ்பாஞ்சின் மேல் தெளிக்கலாம். களாக்காயை விட்டுவிடவும் வேண்டாம். சாயப் பீப்பாய்க்குப் போகும் முன்பே அதை வாங்கி, கருநீலமாகப் பழுத்ததை விதை நீக்கி, அதன் புளிப்போடும் அதன் சொந்த நிறத்தோடும் காய்ச்சிப் பிளாக் ஃபாரஸ்டின் நடுவே வைக்கலாம். பறிக்கிறவர்களும் விற்கிறவர்களும் ஏற்கெனவே இருக்கிறார்கள். பேக்கரிக்காரர்கள் பழமாகக் கேட்டு வாங்க வேண்டும்.